லீன் 4: ‘டைப்’புக்கு என்ன டைப் என்று கேட்டால் மாடியேறச் சொல்லும் மென்பொருள்

கணித நிரூபணம் சரியா தப்பா என்று வரிக்கு வரி பார்த்துச் சொல்லும் என்பதால்தான் லீன் 4-ஐ இறக்கினேன். இலவசம், திறமூலம், வி.எஸ். கோட் என்கிற நிரல் எழுதும் செயலியில் அதன் நீட்சியைப் போட்டால் மிச்சத்தை அதுவே பார்த்துக்கொள்கிறது. லியோனார்டோ டி மௌரா 2013-ல் மைக்ரோசாஃப்ட் ரிசர்ச்சில் இருந்தபோது தொடங்கியது, நான்காம் பதிப்பு முறையாக வெளிவந்தது 2023-ல். மேத்லிப் என்கிற கணித நூலகத்தையும் சேர்த்தால் ஜிபி கணக்கில் இடம் பிடிக்கும், பழைய லேப்டாப்காரர்கள் யோசித்துக்கொள்ளுங்கள். ஆனால் நான் எழுத வந்தது அதிலுள்ள ஒரே ஒரு சட்டத்தைப் பற்றி, ஏனென்றால் என் இரண்டு வாரத் தூக்கத்தைத் தின்றது அதுதான்.

இங்கே எல்லாவற்றுக்கும் ஒரு டைப், அதாவது அது எந்த வகை என்கிற முத்திரை, உண்டு. 3-க்கு டைப் நேட் (இயல் எண்கள்), நேட்டுக்கு டைப் ‘டைப்’. சரி, அந்த ‘டைப்’புக்கு? டைப் 1 என்கிறது. அதற்கு டைப் 2, அதற்கு டைப் 3, இப்படியே மாடிமேல் மாடியாகப் போகிறது, மொட்டை மாடி என்று ஒன்று வரவே வராது. ஒவ்வொரு மாடிக்கும் யூனிவர்ஸ் என்று பெயர். எந்த யூனிவர்ஸும் தனக்குள் தானே குடியிருக்கக் கூடாது, அவ்வளவுதான் சட்டம்.

இதைப் படித்துவிட்டு ‘நமக்கெதற்கு’ என்று நகர்ந்துவிட்டேன். அப்புறம் ஒரு நாள் விளையாட்டாக ‘பை’ என்று ஒரு டைப் எழுதினேன். எந்த டைப்பை வேண்டுமானாலும் எடுத்துக்கொள், அதன் ஒவ்வொரு உறுப்புக்கும் ஒரு பையைக் கொடு, எல்லாம் சேர்ந்து ஒரு புதுப் பை. பைக்குள் பை, அதற்குள் பை. இரண்டே வரி. உடனே சிவப்புக் கோடு: உள்ளே வருவது நிலை 2, நீ கட்டுவது நிலை 1, செல்லாது. நான் எங்கேயுமே 2 என்று எழுதவில்லையே என்று அரை மணி நேரம் முழித்தேன். கூற்றுகள் இருக்கும் ‘ப்ராப்’ என்பதைத்தான் லீன் தரைத்தளமாக, 0 என்று எண்ணுகிறது, அதனால் சாதா ‘டைப்’ நிலை 1, டைப் 1 என்பது நிலை 2 என்று பிற்பாடுதான் உறைத்தது. ‘பை’யை டைப் 1-ல் வைத்ததும் சிவப்புக் கோடு போய்விட்டது.

முதலில் எழுதியதை லீன் அப்படியே விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? ‘பை’ என்கிற டைப்பையே எடுத்து, தன்னைத் தனக்குள் வைத்துக்கொள்ளாத பைகளுக்கெல்லாம் ஒரு பெரிய பை தைத்திருப்பேன். அது தனக்குள் இருக்கிறதா? இருந்தால் இல்லை, இல்லாவிட்டால் இருக்கிறது. 1902-ல் தத்துவவாதி ரஸ்ஸல், தர்க்கவியலாளர் ஃப்ரேகேவுக்குக் கடிதத்தில் எழுதியது இந்த வில்லங்கத்தைத்தான். ஃப்ரேகேவின் புத்தகத்தின் இரண்டாம் பாகம் அப்போது அச்சில் இருந்தது, பாவம், அவசரமாக ஒரு பின்னிணைப்பு எழுதிச் சேர்க்க வேண்டியதாயிற்று. இத்தனைக்கும் பிறகு 1971-ல் தர்க்கவியலாளர் மார்ட்டின்-லோஃப் தன் முதல் டைப் கோட்பாட்டில் ‘டைப்பின் டைப் டைப்பே’ என்று வைத்திருந்தார், அதில் முரண்பாடு வருகிறது என்று இன்னொரு தர்க்கவியலாளர் ஷிரார் காட்டிவிட்டார். முரண்பாடு ஒன்று புகுந்துவிட்டால் 2+2=5 என்று கொடுத்தாலும் மென்பொருள் தலையாட்டும், அப்புறம் அதை வைத்துக்கொண்டு என்ன செய்வது? லீன் மாதிரியே இன்னொரு மென்பொருளான அக்டாவில் இந்தச் சட்டத்தை அணைத்துவைக்க ஒரு சுவிட்சே இருக்கிறது, ஆசைக்குப் போட்டுப் பார்க்கலாம், அதற்குப் பிறகு வரும் எந்த நிரூபணத்தையும் நம்பக் கூடாது.

இனி குறை. கீழ்மாடியில் இருப்பதை லீன் மேல்மாடியில் தானாக ஏற்றுக்கொள்ளாது. நேட் சாதா ‘டைப்’பில் இருக்கிறது என்றால் அங்கேதான், டைப் 1-ல் வேண்டுமென்றால் ‘யூலிஃப்ட்’ என்கிற உறையில் போட்டுத் தூக்கிக்கொண்டு போகணும். முன்பு காக் என்ற பெயரில் இருந்த ராக் என்கிற இதே வகை மென்பொருளில் இந்தத் தொல்லை கிடையாது, கீழே இருப்பது மேலேயும் செல்லும். ஆனால் ராக் நிலைகளைத் தானே ஊகித்து நிபந்தனைகளைச் சேர்த்துக்கொண்டே போவதால், முரண் எங்கோ எழுதியதற்கு எங்கோ வெடிக்கலாம். லீன் பெரும்பாலும் அந்த வரியிலேயே கையைப் பிடிக்கிறது. எனக்கு லீன் பிடிவாதமே மேல் என்று தோன்றுகிறது, உறை போட்டுப் போட்டு அலுத்தாலும்.

ப்ராப்புக்கு மட்டும் சலுகை. ‘எல்லா டைப்புகளுக்கும்’ என்று தொடங்கும் கூற்றுகூட மாடி ஏறாமல் தரைத்தளத்திலேயே இருக்கலாம். அதற்குப் பதிலாக, ‘இப்படி ஓர் எண் இருக்கிறது’ என்று நிரூபித்தாலும் அந்த நிரூபணத்தைப் பிரித்து எண்ணை நிரலுக்குள் எடுத்துவர விடாது. முதலில் இது வீம்பு என்றே நினைத்தேன். இரண்டு சலுகையையும் சேர்த்துக் கொடுத்தால் பழைய வில்லங்கம் பின்வாசல் வழியாக வந்துவிடுமாம்.

தன்னைத் தானே அழைக்கும் நிரல் முடிவுக்கு வருமா என்ற சோதனையும் இருக்கிறது. அதைப் பற்றித் தனியாகத்தான் எழுதணும்.

ஐந்துக்கு நான்கு. புதிதாக வருகிறவர்கள் லீனை விளையாட்டாகக் கற்றுத்தரும் நேச்சுரல் நம்பர் கேமில் தொடங்குங்கள், உலாவியிலேயே ஓடும், எதையும் நிறுவ வேண்டாம், யூனிவர்ஸ் பேச்சே அங்கே வராது. குறைத்த ஒரு நட்சத்திரம் முழுக்க யூலிஃப்டுக்கு.