குழந்தையின் இதய ஆபரேஷனுக்கென்று 27,500 ரூபாய் கொடுத்து ஏமாந்தேன். பணம் அனுப்பும் முன் இதைப் படியுங்கள்

நேற்று மாலைதான் உண்மை தெரிந்தது. கோபம் தணிந்த பிறகு எழுது என்கிறார் அம்மா. தணிந்துவிட்டால் எழுத மாட்டேன். எப்படிச் சரிபார்ப்பது என்பதையும் கடைசியில் விளக்கமாகச் சொல்கிறேன்.

மருத்துவச் செலவுக்குப் பொதுமக்களிடம் நிதி திரட்டித் தரும் இணையதளம் அது. புகார் நடப்பதால் பெயரை எழுதவில்லை. மூன்று வாரங்களுக்கு முன் அதில் வந்த ஒரு வேண்டுகோளைச் சித்தி குடும்ப வாட்ஸ்அப் குழுவில் அனுப்பியிருந்தார். நான்கு வயதுப் பெண் குழந்தை, இதயத்தில் ஓட்டை, 6 லட்சம் ரூபாய் வேண்டும். மூக்கில் ஆக்சிஜன் குழாய். ஊசி ஏற்றிய கையில் பிளாஸ்திரி. அந்தக் கையிலேயே கண்பட்டுவிடக் கூடாதென்று போட்ட கறுப்பு வளையல். என் மகளுக்கும் அந்த வயதில் அதே மாதிரி போட்டிருந்தோம். படத்தை மூட மனம் வரவில்லை.

அப்பா மாரடைப்பில் போனவர். ஒவ்வோர் ஆண்டும் அவருடைய திதிக்கு நூறு பேருக்குச் சாப்பாடு போடுவோம். அதற்காக மாதாமாதம் எடுத்துவைத்தது 25,000 ரூபாய். இந்த ஆண்டு அது ஓர் உயிருக்குப் போகட்டுமே என்றேன். அம்மா மறுபேச்சில்லாமல் சம்மதித்தார்.

விசாரிக்காமல் அனுப்பவில்லை. அந்த இணையப் பக்கத்தில் இருந்த எண்ணில் பேசினேன். ஒரு பெண் எடுத்தார். "டாக்டர் வந்திருக்கிறார் அக்கா, ஐந்து நிமிடத்தில் கூப்பிடுகிறேன்" என்று வைத்தவர், சொன்னபடியே கூப்பிட்டார். பின்னால் ஏதோ கருவியின் பீப் சத்தம். அழவில்லை, கெஞ்சவில்லை. "முடிந்ததைச் செய்யுங்கள் அக்கா. முடியாவிட்டால் குழந்தைக்காக வேண்டிக்கொள்ளுங்கள், அதுவே போதும்" என்றார். பணத்துக்காகப் பேசுகிறவள் இப்படியா பேசுவாள் என்று நினைத்தேன். மருத்துவமனையின் செலவு மதிப்பீட்டுக் கடிதம் இருந்தது. சரிபார்க்கப்பட்டது என்று பச்சை அடையாளமும் இருந்தது. அனுப்பினேன். தளத்தின் பராமரிப்புக்கென்று 2,500 ரூபாய் தானாகவே சேர்ந்திருந்ததை வங்கிக் குறுஞ்செய்தி வந்த பிறகுதான் கவனித்தேன். ஆக 27,500.

நேற்று ஒரு திருமணத்துக்காகச் சென்னை போனேன். குழந்தையைப் பார்த்துவிட்டு வரலாமென்று ஒரு பொம்மை வாங்கிக்கொண்டு அந்த மருத்துவமனைக்குப் போனேன். அந்தப் பெயரில் யாரும் இல்லை. சமூகப் பணியாளர் ஒருவர் கடிதத்தைப் பார்த்த உடனே, "எங்கள் கடிதத்தில் நோயாளி எண் இல்லாமல் இருக்காது. இதே தாளோடு உங்களுக்கு முன்பே இரண்டு பேர் வந்துவிட்டார்கள்" என்றார். முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை கிடைக்கிறது, குழந்தைகளின் இதய அறுவைச் சிகிச்சையும் அதில் வருகிறது, வசதியில்லாதவர்கள் வந்தால் முதலில் அந்த அட்டையைத்தான் கேட்போம் என்றும் சொன்னார். இந்தக் கேள்வி எனக்கு ஏன் தோன்றவில்லை?

அந்தப் பெண்ணின் எண் அணைக்கப்பட்டிருக்கிறது. தளத்தின் உரையாடல் பெட்டியில் நாற்பது நிமிடம் காத்திருந்தேன். புகார் எண் தருகிறோம் மேடம், 72 மணி நேரம் பொறுங்கள் என்றார்கள். குழந்தையே இல்லை என்கிறேன், எதற்குப் பொறுக்க வேண்டும்? "நாங்கள் இரு தரப்பையும் இணைக்கிறோம், அவ்வளவுதான்" என்று பதில். அப்படியானால் அந்தப் பச்சை அடையாளத்தை வைத்தது யார்? அதற்குப் பதில் இல்லை. இரவுக்குள் அந்தப் பக்கத்தையே நீக்கிவிட்டார்கள். வங்கியில், நீங்களே ரகசிய எண் போட்டு அனுப்பிய பணம் என்று கைவிரித்தார்கள். இணையப் பண மோசடிப் புகாருக்கான 1930 எண்ணில் பொறுமையாகக் கேட்டுப் பதிவு செய்துகொண்டார்கள். ஆனால் மூன்று வாரம் ஆகிவிட்டதே அம்மா, உடனே சொல்லியிருந்தால் கணக்கை முடக்க முயன்றிருக்கலாம் என்றார்கள்.

27,500 ரூபாய். அப்பாவின் திதிக்கு இன்னும் ஒன்பது நாள்தான் இருக்கிறது.

விளக்கமாக எழுத உட்கார்ந்தேன், முடியவில்லை. இவற்றையாவது பிடித்துக்கொள்ளுங்கள். மருத்துவமனையின் எண்ணை நீங்களே தேடி எடுத்துப் பேசுங்கள், வேண்டுகோளில் இருக்கும் எண்ணை நம்பாதீர்கள். நோயாளி எண்ணைக் கேட்டு, பணத்தை மருத்துவமனையின் கணக்கிலேயே கட்டுங்கள். தொண்டு நிறுவனம் என்றால் நன்கொடைக்கு வருமான வரிச்சலுகை தரும் 80ஜி பதிவு எண்ணையும், நன்கொடைக்கான 10பிஇ சான்றிதழையும் கேளுங்கள். தனி நோயாளிக்குக் கொடுப்பதற்கு அந்த வரிச்சலுகை கிடையாது. சந்தேகம் வந்த அந்த நிமிடமே 1930-ஐ அழையுங்கள்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது பக்கத்து வீட்டு அக்கா தனக்கு வந்த படத்தைக் காட்டினார். அதே குழந்தை, அதே கறுப்பு வளையல். பெயர் வேறு, ஊர் வேறு, இந்த முறை 9 லட்சம். அந்தக் குழந்தையின் உண்மையான பெற்றோர் எங்கே இருக்கிறார்களோ, அவர்களுக்கு இது தெரியுமோ தெரியாதோ. உங்களுக்கு வந்தால் யாருக்கும் அனுப்பாதீர்கள். அனுப்பியவரிடம் இந்தப் பதிவைக் காட்டுங்கள்.