பம்பாயின் இரட்டைத் தொகுதியும் இன்றைய ஒற்றைத் தொகுதியும்

தாராவித் தமிழர்கள் இன்று மும்பை தென்மத்தியத் தொகுதிக்கு ஓர் ஓட்டுப் போட்டு ஓர் எம்.பி.யை அனுப்புகிறார்கள். 1950களில் பம்பாயின் ஒரு தொகுதிக்கு இரண்டு எம்.பி.க்கள்: ஒன்று பொது இடம், இன்னொன்று பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கியது. வாக்காளருக்கும் இரண்டு ஓட்டு. இரண்டையும் ஒருவருக்கே போட முடியாது. அந்த இரண்டாவது ஓட்டில்தான் சூட்சுமம்: அது யாருக்குப் போகிறது என்பதைப் பொறுத்தே வெற்றி தோல்வி மாறும். 1952இல் பம்பாய் நகர வடக்கில் அம்பேத்கரே காங்கிரஸ் வேட்பாளர் காஜ்ரோல்கரிடம் தோற்றார் (இதை இன்றும் நம்பக் கடினம்தான்). 1957இல் பம்பாய் நகர மத்தியில் கம்யூனிஸ்ட் டாங்கேயும் அம்பேத்கர் தொடங்கிய பட்டியல் சாதியினர் கூட்டமைப்பின் மானேயும் சேர்ந்தே ஜெயித்தார்கள்.

1961 சட்டம் இந்த முறையை ஒழித்தது. ஒற்றைத் தொகுதியில் பிரசாரம் எளிது, கணக்கும் எளிது. சரி, ஆனால் மும்பையின் 6 தொகுதிகளில் இப்போது ஒன்றுகூட ஒதுக்கீட்டுத் தொகுதி இல்லை. அந்த ஒரு விஷயத்தில் பழைய ஏற்பாடே மேல் என்பேன்.