எல்டிடி: கட்டளைக் கருவிகளின் பகிர்வு நிரலகங்களைக் காட்டும் நிரல் குறித்து ஒரு மதிப்பீடு

லினக்ஸ் டெர்மினலில் அன்றாடம் புழங்கும் எல்எஸ், கர்ல், எஸ்எஸ்ஹெச் போன்ற கருவிகளில் பெரும்பாலானவை தமக்குத் தேவையான நிரல் முழுவதையும் தமக்குள்ளேயே வைத்திருப்பதில்லை. பல கருவிகளுக்கும் பொதுவான பகுதிகள் .எஸ்ஓ என்ற பின்னொட்டுள்ள பகிர்வு நிரலகக் கோப்புகளாகத் தனியே இருக்கும். கருவி தொடங்கும்போது லோடர் அவற்றைத் தேடி நினைவகத்தில் ஏற்றும். எந்தக் கருவிக்கு எந்த நிரலகம் கிடைக்கிறது, எது கிடைக்கவில்லை என்பதைப் பார்க்க உதவும் எல்டிடி, லினக்ஸின் அடிப்படை சி மொழி நிரலகமான ஜிலிப்சியுடனேயே வருகிறது. டெபியன், உபுண்டு ஆகிய லினக்ஸ் வழங்கல்களில் லிப்சி-பின் என்ற பொதியில் இருப்பதால் இதைத் தனியாக நிறுவ வேண்டியதில்லை. சேவைக் கணினிகளைப் பராமரிப்பவன் என்ற முறையில் நான் அடிக்கடி கையிலெடுக்கும் கருவி இது. இதை மனமாரப் பரிந்துரைக்கிறேன். ஆனால் இது எந்தக் கேள்விக்கு விடை தருகிறது என்பதைத் தெரிந்துகொண்டே பயன்படுத்த வேண்டும்.

அண்மைய டெபியன் ஒன்றில் எல்எஸ் கருவியின் மீது எல்டிடியை ஏவினால் ஐந்து வரிகள் வருகின்றன. முதல் வரியில் வரும் லினக்ஸ்-விடிஎஸ்ஓ.எஸ்ஓ.1 வட்டில் எங்கும் இல்லாத ஒன்று. நேரம் கேட்பது போன்ற சில பணிகளை விரைவுபடுத்துவதற்காக, இயங்குதளத்தின் மையமான கர்னலே ஒவ்வொரு நிரலின் நினைவகத்திலும் அதை இணைத்துவிடுகிறது. அடுத்து லிப்செலினக்ஸ்.எஸ்ஓ.1, லிப்சி.எஸ்ஓ.6, லிப்பிசிஆர்இ2-8.எஸ்ஓ.0 ஆகியவை, அம்புக்குறிக்கு வலப்புறம் தத்தம் முழுப் பாதையுடன் வருகின்றன. கடைசி வரி லோடர் கோப்பு. கோப்புகளைப் பட்டியலிடும் ஒரு கருவிக்கு, பிசிஆர்இ2 என்ற சரப்பொருத்த நிரலகம் எதற்கு என்ற கேள்வி இயல்பாக எழும். எல்எஸ் அதைக் கேட்கவே இல்லை, லிப்செலினக்ஸ்தான் கேட்கிறது. எல்டிடியின் வெளியீடோ இரண்டையும் ஒரே வரிசையில் வைத்துவிட்டு, எது யார் வழியாக வந்தது என்பதைச் சொல்லாமல் விடுகிறது. இக்கருவியின் பெருங்குறை இதுவே.

பெருஞ்சிறப்பு அதன் உள்ளமைப்பில் இருக்கிறது. எல்டிடி என்பது ஒரு சிறிய பாஷ் ஸ்கிரிப்ட் மட்டுமே. எல்டி_டிரேஸ்_லோடட்_ஆப்ஜெக்ட்ஸ் என்ற சூழல் மாறியை அமைத்துவிட்டு, உண்மையான லோடரிடமே வேலையை ஒப்படைக்கிறது. லோடர் நிரலகங்களைத் தேடியபின் கருவியை இயக்காமல், கண்டெடுத்தவற்றை அச்சிட்டுவிட்டு நின்றுவிடுகிறது. எனவே இயங்கும் நேரத்தில் எந்தத் தேடல் நடக்குமோ அதே தேடலின் முடிவைத்தான் நாம் பார்க்கிறோம். எல்டி_லைப்ரரி_பாத் மாறி, கருவிக்குள் பொதிந்திருக்கும் ரன்பாத் என்ற தேடல் பாதை, எல்டிகான்ஃபிக் கட்டளை உருவாக்கி வைத்திருக்கும் தற்காலிகச் சேமிப்பு, இறுதியாக இயல்பான அடைவுகள் என்று அந்தத் தேடல் வரிசையாகச் செல்கிறது. ஒரே கணினியின் இரண்டு டெர்மினல்களில் ஒரே கருவிக்கு இருவேறு விடைகள் கிடைப்பதும் இதனால்தான். அது பிழையன்று, அந்த வேறுபாட்டைக் கண்டுபிடிக்கவே எல்டிடி நமக்கு வேண்டியிருக்கிறது.

பதிப்பு முரண்களைக் காட்டுவதில் இதற்கு முழு மதிப்பெண் தருவேன். 2022 ஏப்ரலில் வெளியான உபுண்டு 22.04, மறையாக்க நிரலகமான ஓப்பன்எஸ்எஸ்எல்லின் 3ஆம் பதிப்புக்கு மாறியது, பழைய லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 அதன் களஞ்சியத்தில் இல்லாமல் போனது. ஒரு நிறுவனம் எங்களுக்கு அளித்திருந்த கட்டளைக் கருவி அதன்பின் தொடங்க மறுத்தது. புதிய கோப்புக்குப் பழைய பெயரில் ஒரு சிம்லிங்க் (வேறொரு கோப்பைச் சுட்டும் இணைப்பு) போட்டால் போதும் என்று அவர்களின் உதவிப் பிரிவிலிருந்து பதில் வந்தது. அவ்வாறு செய்ததும் எல்டிடியின் 'நாட் ஃபவுண்ட்' வரி மறைந்தது. ஆனால் ஓப்பன்எஸ்எஸ்எல்_1_1_0 என்ற பதிப்பு அந்தக் கோப்பில் இல்லை என்ற வேறொரு வரி தோன்றியது. பெயரின் இறுதியில் நிற்கும் எண் அலங்காரத்துக்கானது அன்று. முந்தைய பதிப்போடு பொருந்தாத மாற்றம் நிகழ்ந்திருக்கிறது என்ற அறிவிப்பு அது. ஜிலிப்சி_2.34 இல்லை என்ற பிழையும் இதே வகையைச் சேர்ந்தது. புதிய கணினியில் உருவாக்கிய கருவியை, ஜிலிப்சி 2.31 கொண்ட உபுண்டு 20.04க்கு எடுத்துச் சென்றால் அது வரும். அங்கே சிம்லிங்க் எதுவும் உதவாது, பழைய கணினியிலேயே மீண்டும் உருவாக்குவதுதான் நேரான வழி.

ஓர் எச்சரிக்கையை அழுத்தமாகச் சொல்ல வேண்டும். நம்பகமற்ற இடத்திலிருந்து வந்த கோப்பின் மீது எல்டிடியை ஒருபோதும் ஏவக் கூடாது. சில சூழ்நிலைகளில் அது அந்தக் கோப்பையே இயக்கிவிடக்கூடும் என்று அதன் கையேட்டுப் பக்கமே எச்சரிக்கிறது. ஜிலிப்சி 2.27இல் ஒரு வழி அடைக்கப்பட்டது என்றாலும் எச்சரிக்கை நீக்கப்படவில்லை. அறிமுகமில்லாத கோப்புக்கு, நிரல் கோப்பின் அமைப்பைக் காட்டும் ரீட்எல்ஃப் கருவியை -டி விருப்பத்துடன் பயன்படுத்தி, 'நீடட்' என்ற குறிப்புள்ள வரிகளைப் பார்க்கலாம். அது கோப்பை வாசிக்க மட்டுமே செய்யும். மேலும், கருவி நேரடியாகக் கேட்கும் நிரலகங்களை மட்டுமே காட்டும்.

இந்த நேரடி, மறைமுக வேறுபாடு எவ்வளவு முக்கியமானது என்பதை 2024 மார்ச் 29 அன்று உலகம் கண்டது. கோப்புகளைச் சுருக்கும் எக்ஸ்இசட் மென்பொருளின் 5.6.0, 5.6.1 பதிப்புகளிலுள்ள லிப்எல்இசட்எம்ஏ நிரலகத்தில் பின்கதவு (ரகசிய நுழைவழி) ஒன்று வைக்கப்பட்டிருப்பதை மென்பொருள் பொறியாளர் ஆண்ட்ரெஸ் ஃப்ராயிண்ட் வெளிப்படுத்தினார். அதன் இலக்கு, தொலை உள்நுழைவுகளை ஏற்கும் ஓப்பன்எஸ்எஸ்ஹெச் சேவை நிரலான எஸ்எஸ்ஹெச்டி. ஓப்பன்எஸ்எஸ்ஹெச்சின் மூல நிரல் லிப்எல்இசட்எம்ஏவைத் தொடுவதே இல்லை. டெபியன் போன்ற வழங்கல்கள், கணினியின் சேவைகளை நிர்வகிக்கும் சிஸ்டம்டிக்குத் தகவல் அனுப்புவதற்காக எஸ்எஸ்ஹெச்டியை லிப்சிஸ்டம்டியுடன் இணைத்திருந்தன. லிப்சிஸ்டம்டி தன்னோடு லிப்எல்இசட்எம்ஏவையும் இழுத்து வந்தது. எல்டிடி அன்று அந்தப் பெயரை உடனே காட்டிக்கொடுத்தது. ரீட்எல்ஃப் மட்டும் இருந்திருந்தால் தவறவிட்டிருப்போம். ஆனால் அது வந்த வழியை அறிய மரவடிவில் காட்டும் வேறொரு கருவி தேவைப்பட்டது. பாக்ஸ்-யூட்டில்ஸ் பொதியிலுள்ள எல்டிடிட்ரீ அதைச் செய்கிறது. இப்போது என் பணிக்கணினிகள் அனைத்திலும் அது இருக்கிறது.

மரவடிவமும் எட்டாத ஓரிடம் உண்டு. கருவி தொடங்கியபின் டிஎல்ஓப்பன் என்ற அழைப்பின் மூலம் தானே ஏற்றிக்கொள்ளும் நிரலகங்கள் இவை எதிலும் தெரிவதில்லை. பயனர் பெயர்களைத் தேடித் தரும் என்எஸ்எஸ் கூறுகள், உள்நுழைவைச் சரிபார்க்கும் பாம் கூறுகள் ஆகியவை இவ்வகையின. சிஸ்டம்டி 256ஆம் பதிப்பு முதல் லிப்எல்இசட்எம்ஏவும் தேவைப்படும்போது மட்டுமே ஏற்றப்படுகிறது. இது பாதுகாப்புக்கு நன்மை. எல்டிடியை மட்டும் நம்பித் தணிக்கை செய்வோருக்கோ, ஒரு சார்பு கண்ணிலிருந்து மறைந்துவிட்டது. இத்தகையவற்றைக் காண, எல்டி_டீபக் மாறிக்கு 'லிப்ஸ்' என்ற மதிப்பைக் கொடுத்துக் கருவியை உண்மையாகவே இயக்கிப் பார்க்க வேண்டும். லோடர் எந்தெந்த அடைவில் தேடித் தோற்றது, எங்கே கண்டது என்பதெல்லாம் வரிவரியாக வரும். வெளியீடு நீளமானது, ஆனால் பொறுமையாக வாசித்தால் ஐயத்துக்கு இடமே வைக்காது.

எல்டிடியின் பிழைச் செய்திகளைப் பற்றி எனக்கு வருத்தம் உண்டு. முழுவதும் உள்ளடக்கி உருவாக்கப்பட்ட கோ மொழிக் கருவி, ஆர்ம் செயலிக்கான கோப்பு, வெறும் ஷெல் ஸ்கிரிப்ட் ஆகிய மூன்றுக்கும் அது 'நாட் எ டைனமிக் எக்ஸிகியூட்டபிள்' என்ற ஒரே விடையைத் தருகிறது. புதிதாகக் கற்பவர் இங்கேதான் தடுமாறுகிறார். எல்டிடிக்கு முன், கோப்பின் வகையைச் சொல்லும் ஃபைல் கட்டளையை ஏவிப் பார்க்கும் பழக்கம் இந்தக் குழப்பத்தைத் தவிர்க்கும். ஆல்பைன் லினக்ஸில் ஜிலிப்சி இல்லை, அதற்கு மாற்றான மசல் என்ற சி நிரலகம் இருக்கிறது. அங்குள்ள எல்டிடியும் வேறு. உபுண்டுவில் உருவாக்கிய கருவியை அங்கே இயக்கினால், கண்ணெதிரே இருக்கும் கோப்பையே காணவில்லை என்று ஷெல் சொல்லும். உண்மையில் காணாமல் போனது அந்தக் கருவி அன்று, அது தேடும் ஜிலிப்சி லோடர். ரீட்எல்ஃபை -எல் விருப்பத்துடன் ஏவினால் அந்த லோடரின் பாதை முழுமையாகத் தெரியும்.