அரசு ஊழியர் செய்த தவறுக்கு யார் பணம் கட்டுவது? நான்கு நாடுகளின் விடை

அரசு ஜீப் மோதி ஒருவர் சாகிறார். காவலில் இருந்த இன்னொருவர் பிணமாகத் திரும்புகிறார். ஓட்டுநரிடமோ காவலரிடமோ அந்த இழப்பை ஈடுகட்டும் அளவுக்குக் காசு இருக்காது. குடும்பம் அரசைத்தான் கேட்டாக வேண்டும். அப்படிக் கேட்பவர் எதையெல்லாம் நிரூபிக்க வேண்டும்? நான்கு நாட்டுச் சட்டங்களையும் இந்த ஒரு கேள்வியை வைத்துத்தான் பார்க்கிறேன்.

பிரிட்டனில் 1947 வரை, தவறிழைத்ததாகச் சொல்லி முடியரசின் மேல் வழக்குப் போடவே முடியாது. நடைமுறையில் அரசு ஓர் அதிகாரியின் பெயரைக் கொடுக்கும். வழக்கு அவர் மேல் நடக்கும், பணத்தை அரசு கட்டும். பெயருக்கு நிற்கும் அதிகாரிக்கும் நடந்த சம்பவத்துக்கும் ஒட்டும் இருக்காது, உறவும் இருக்காது. 1946இல் உச்ச மேல்முறையீட்டு மன்றமாக இருந்த பிரபுக்கள் சபை இந்த நாடகத்தைக் கண்டித்தது. அடுத்த ஆண்டே முடியரசு வழக்குகள் சட்டம் வந்தது. அதன்படி, ஊழியரின் தவறுக்குத் தனியார் முதலாளி எப்படிப் பொறுப்போ அப்படியே அரசும் பொறுப்பு. ஆனால் தவறு செய்த ஊழியர் மேலேயே வழக்கு நிற்கும் என்று காட்டினால்தான் அரசைத் தொட முடியும். படைவீரர்களுக்கு இருந்த தடை 1987 வரை நீங்கவில்லை.

அமெரிக்காவில் சட்டம் வந்ததற்கு ஒரு விமானமும் காரணம். 1945 ஜூலை 28 அன்று மூடுபனியில் ராணுவத்தின் பி-25 குண்டுவீச்சு விமானம் எம்பயர் ஸ்டேட் கட்டடத்தில் மோதியது; 14 பேர் இறந்தார்கள். ஏற்கெனவே நெடுங்காலம் இழுபட்டுக் கொண்டிருந்த மசோதா 1946இல் சட்டமானது. அது 1945 தொடக்கத்திலிருந்தே செல்லும்படியும் செய்தார்கள். தாராளம்தான். ஆனால் அதற்குள் ஒரு விதிவிலக்கு உட்கார்ந்திருக்கிறது: அதிகாரி தன் விருப்புரிமையைப் பயன்படுத்தி எடுத்த முடிவுக்கு அரசு பொறுப்பல்ல. 1947இல் டெக்சஸ் சிட்டி துறைமுகத்தில், போரில் நொறுங்கிய நாடுகளுக்காக அரசுத் திட்டத்தில் தயாரான அம்மோனியம் நைட்ரேட் உரம் கப்பலில் வெடித்து ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். 1953இல் உச்ச நீதிமன்றம் இந்த விதிவிலக்கைக் காட்டி வழக்கைத் தள்ளியது. 1955இல் நாடாளுமன்றம் தனிச்சட்டம் போட்டுத்தான் பணம் கொடுத்தது. தபால் வண்டி ஓட்டுநர் கவனம் பிசகினால் இழப்பீடு உண்டு, மேலிடம் போட்ட திட்டம் ஓர் ஊரையே அழித்தால் கிடையாது என்றால், இது தலைகீழ் நியாயம் இல்லையா?

பிரான்ஸ் வேறு வழியில் போனது. 1871இல் போர்தோ நகரத்து அரசு புகையிலை ஆலையின் வண்டி ஒரு சிறுமி மேல் ஏறியது. தனியாருக்கான சிவில் சட்டம் அரசுக்குப் பொருந்தாது, அரசின் பொறுப்புக்குத் தனி விதிகள் உண்டு, நிர்வாக நீதிமன்றமே விசாரிக்கும் என்று 1873இல் வந்த பிளாங்கோ (சிறுமியின் குடும்பப் பெயர்) தீர்ப்பு சொன்னது. கேட்க அரசுக்குச் சாதகம் போலத்தான் இருக்கும். வளர்ந்த விதம் அப்படி இல்லை. 1911இல் தீர்ப்பான, ஆங்கே என்பவரின் வழக்கைப் பாருங்கள். தபால் நிலையத்துக்குப் போனவர் வெளியே வருவதற்குள் பொதுமக்கள் வாசலை நேரத்துக்கு முன்பே பூட்டிவிட்டார்கள். ஊழியர்கள் பக்கத்து வழியாக அவர் வெளியேறப் பார்த்தார். இரண்டு ஊழியர்கள் பிடித்துத் தள்ள, கால் முறிந்தது. தள்ளியது அந்த ஊழியர்களின் சொந்தத் தவறு. ஆனால் நேரத்துக்கு முன்பே வாசலைப் பூட்டியது பணியமைப்பின் தவறு, ஆகவே அரசு கொடுக்கட்டும் என்றது மன்றம். யார் பூட்டினார், எந்த ஊழியர் குற்றவாளி என்று தேடி அலைய வேண்டியதில்லை. ஆபத்தான பொருளைச் சேமித்து வைத்தால் தவறே இல்லாவிட்டாலும் பொறுப்பு என்பதுவரை 1919இல் போய்விட்டார்கள்.

இந்தியாவின் கதை ஒரு குதிரையில் தொடங்குகிறது. கல்கத்தா கிதர்பூர் கப்பல் பட்டறை ஊழியர்கள் தூக்கிச் சென்ற இரும்புத் துண்டைக் கீழே போட, சத்தத்தில் மிரண்ட வண்டிக் குதிரை காயம்பட்டது. 1861இல் அதற்கு 350 ரூபாய் இழப்பீடு. பட்டறை நடத்துவது இறையாண்மைப் பணி, அதாவது அரசு மட்டுமே செய்யக்கூடிய பணி அல்ல, தனியாரும் செய்யும் வேலைதான் என்பது காரணம். அரசமைப்பின் 300ஆம் பிரிவு அந்தப் பழைய நிலையை அப்படியே கொண்டுவந்து வைத்தது. விளைவு 1965இல் கஸ்தூரிலால் வழக்கில் தெரிந்தது. 1947இல் மீரட் போலீஸ் ஒரு நகை வியாபாரியைப் பிடித்து, அவரிடமிருந்த நூறு தோலாவுக்கும் (ஒரு கிலோவுக்கும்) மேற்பட்ட தங்கத்தை எடுத்து வைத்தது. தலைமைக் காவலர் அதை எடுத்துக்கொண்டு பாகிஸ்தான் போய்விட்டார். போலீஸின் அலட்சியத்தை உச்ச நீதிமன்றமே ஒப்புக்கொண்டது. ஆனாலும் கைதும் பறிமுதலும் இறையாண்மைப் பணி என்பதால் அரசு தப்பியது. குதிரைக்குக் கிடைத்தது வியாபாரிக்குக் கிடைக்கவில்லை. சட்டம் இயற்றுங்கள் என்று அதே தீர்ப்பில் நீதிமன்றம் சொன்னது. சட்ட ஆணையம் 1956இலேயே தன் முதல் அறிக்கையில் இதைச் சொல்லியிருந்தது. மசோதாக்கள் வந்து காலாவதியாயின. பொதுவான சட்டம் இன்றுவரை இல்லை.

அந்த வெற்றிடத்தில்தான் ரிட் மனு வழி, அதாவது உரிமை மீறப்பட்டதென்று நேரே உயர் நீதிமன்றத்திலோ உச்ச நீதிமன்றத்திலோ மனுப் போடும் வழி, உருவானது. 1968இல் நீதிமன்றம் குற்றவாளி அல்ல என்று விடுவித்த ருதுல் ஷாவை பீகார் அரசு மேலும் 14 ஆண்டுகள் சிறையில் வைத்திருந்தது. 1983இல் அவருக்கு இழப்பீடு தரச் சொன்னது உச்ச நீதிமன்றம். 1993இல் நீலபதி பெஹரா வழக்கில், காவலில் மகனை இழந்த தாய் எழுதிய கடிதத்தையே மனுவாக எடுத்து 1,50,000 ரூபாய் தரச் சொன்னதோடு, அடிப்படை உரிமை மீறலில் இறையாண்மைப் பணி என்ற விலக்கு செல்லாது என்றும் தீர்ப்பளித்தது. ஆகப் போலீஸ் கையில் உயிர் போனால் ஒரு சட்டம், தங்கம் போனால் வேறொரு சட்டம். 1994இல் நாகேந்திர ராவ் வழக்கில், பறிமுதல் செய்த உரமும் தானியமும் வீணானதற்கு அரசைப் பொறுப்பாக்கி இந்த இடைவெளியை ஓரளவு குறைத்தார்கள். கஸ்தூரிலால் தீர்ப்பை முறைப்படி ரத்து செய்யவில்லை.

பாதிக்கப்பட்டவர் பக்கம் நின்று பார்த்தால் பிரெஞ்சு முறைக்குத்தான் என் ஓட்டு. இந்தியாவில் இன்று வழக்குப் போடுகிறவர், உயிர், சுதந்திரம் சம்பந்தப்பட்டதென்றால் உயர் நீதிமன்றத்துக்கு அரசமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் ரிட் மனுவோடு போவதே மேல். சாட்சி விசாரணை தேவைப்படும் அளவுக்கு உண்மைகளில் தகராறு இருந்தால் அங்கிருந்து சிவில் நீதிமன்றத்துக்கு அனுப்பிவிடும் வாய்ப்பும் உண்டு. சொத்து இழப்பென்றால் பெரும்பாலும் சிவில் வழக்குதான்: சிவில் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின்படி அறிவிப்பு கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும், நீதிமன்றக் கட்டணம் கட்ட வேண்டும், அரசு வழக்கறிஞர் கஸ்தூரிலாலைக் கையில் வைத்துக்கொண்டு எழுந்து நிற்பார் என்பதற்கும் தயாராக இருக்க வேண்டும்.