மீள்வாள், நிறுத்தாழி, மூப்புவேல்: மூன்றில் எது?

யாங்கோனில் மின்சாரம் முறை வைத்து வரும் மாலைகளில், அனோரத்தா சாலைக் காளி கோவிலுக்குச் சற்றுத் தள்ளி உள்ள ஒரு மூன்றாம் மாடி வீட்டில், பேட்டரி விளக்கின் கீழே நாங்கள் ஆறு பேர், ஆளுக்கொரு பாத்திரமாகிப் பகடை உருட்டிக் கதையை நகர்த்தும் பகடைக் கதைவிளையாட்டு ஆடி வருகிறோம். ஐவர் ஆடுகிறார்கள், கதையை நடத்துவது என் பொறுப்பு. கதைத் தலைவி நங்கைக்கு இடிந்த மணிக்கூண்டின் அடியிலிருந்து காலத்தை ஆளும் ஆயுதம் ஒன்று கிடைக்க வேண்டும் என்று முடிவானபோது, மூவர் மீள்வாள், நிறுத்தாழி, மூப்புவேல் என்று மூன்று வரைவுகளைக் கொண்டு வந்தனர். எதையும் வாக்கெடுப்புக்கு விடாமல், ஒவ்வொன்றையும் ஒரு மாலை முழுவதும் ஆடிப் பார்த்தோம்.

முதலில் கால அளவை ஒன்றை நிர்ணயிக்க வேண்டியிருந்தது. இன்று கடிகாரத்தைக் குறிக்கும் பர்மியச் சொல்லான நாயீ, பழைய கணக்கில் ஒரு நாளில் 60இல் ஒரு பங்கு; நம் நாழிகையும் அதே 24 நிமிடம்தான். அதில் 60இல் ஒரு பங்கான விநாழிகை 24 வினாடி. இவ்வகை விளையாட்டான டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸின் ஐந்தாம் பதிப்பில் சண்டையின் ஒரு சுற்று, அதாவது எல்லோரும் ஒரு முறை நகர்வது, 6 வினாடி என்பதால், ஒரு விநாழிகைக்குச் சரியாக நான்கு சுற்றுகள் வருகின்றன. இவ்வளவு பொருத்தமான அளவு கைக்குக் கிடைத்த பிறகு வேறொன்றைத் தேடுவானேன்?

மீள்வாள் உறையிலிருந்து உருவப்பட்டால் காலம் ஒரு விநாழிகை பின்னோக்கிச் செல்லும். காகிதத்தில் இதைவிடக் கவர்ச்சியான வரைவு இல்லை. மேசையில் இதைவிடத் தொல்லை தந்த வரைவும் இல்லை. எங்கள் ஐவரும் எதிரிகள் எழுவருமாகப் பன்னிருவர் மோதிய சண்டையில் வாள் உருவப்பட்டபோது, நான்கு சுற்றுகளின் 48 நகர்வுகளையும் பின்னோக்கி அழிக்க வேண்டியதாயிற்று. யார் எந்தக் கட்டத்தில் நின்றார், யாருடைய உயிர்ப்புள்ளி எவ்வளவு, எந்த மந்திரம் செலவாகியிருந்தது என்று பென்சில் எழுத்தை ரப்பரால் தேய்த்துத் தேய்த்து, கடைசியில் ஒரு தம்பியின் தாளே கிழிந்துபோனது. "அண்ணே, இப்போ நான் செத்தேனா இல்லையா?" என்று அவன் கேட்டதற்கு எனக்கே விடை தெரியவில்லை.

2003இல் வந்த பிரின்ஸ் ஆஃப் பெர்சியா கணினி விளையாட்டில் இளவரசனின் குத்துவாள் இதே வேலையைச் சிரமமின்றிச் செய்கிறது என்றால், நடந்தவற்றை எல்லாம் கணினி நினைவில் வைத்துக்கொள்கிறது என்பதே காரணம். அங்கேயும் குத்துவாளில் மணல் இருக்கும் வரைதான் காலம் திரும்பும். 2008இல் வந்த பிரெய்ட் விளையாட்டில் அந்த வரம்பும் கிடையாது. எத்தனை முறை வேண்டுமானாலும் பின்னே போகலாம். அதனால் அங்கே சாவுக்குப் பொருள் இல்லாமல் போகிறது. ஈடாக, காலம் திரும்பினாலும் தாம் திரும்பாத சில பொருள்களை வைத்துப் புதிர்களைக் கட்டியிருக்கிறார்கள். மேசையில் கணக்கு வைப்பவர்களோ மனிதர்கள், அதுவும் அரை வெளிச்சத்தில். இன்னொரு சிக்கலும் உண்டு: நடந்து அழிந்ததை வாளேந்தியவள் மட்டும் நினைவில் வைத்திருப்பாள் என்பது விதி; ஆனால் மேசையைச் சுற்றி இருந்த எல்லோருமே அதைக் கேட்டுவிட்டார்கள். மற்ற நால்வரும் தெரியாதவர்களைப் போல நடிக்க வேண்டும். அந்த நடிப்பு முதல் அரைமணி நேரம் சுவையாக இருந்தது. அதற்குப் பிறகு சலித்துவிட்டது.

நிறுத்தாழியைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அந்தச் சக்கரத்தைச் சுழற்றினால் ஒரு விநாழிகைக்கு அனைத்தும் உறைந்து நிற்க, ஏந்தியவள் மட்டும் நடமாடுவாள். நங்கை நான்கு சுற்றுகளையும் ஆற அமர யோசித்து ஆடி முடிப்பதற்குள், ஒருவர் கீழே தேநீர்க்கடைக்கு இறங்கிப் போய்ச் சமோசா வாங்கிக்கொண்டு மேலே வந்துவிட்டார். ஐவர் கூடும் ஆட்டத்தில் நால்வரை வேடிக்கை பார்க்க வைக்கும் ஆயுதம், எதிரியை விட நண்பர்களையே அதிகம் தாக்குகிறது. டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸில் காலத்தை நிறுத்தும் ஒன்பதாம் நிலை மந்திரம், இரண்டு முதல் ஐந்து முறை மட்டுமே தொடர்ந்து ஆட விடுகிறது. மற்றோர் உயிரைப் பாதிக்கும் செயலைச் செய்த கணமே கலைந்தும்விடுகிறது. அந்தக் கட்டுப்பாடு எதற்காக என்பது அந்தச் சமோசாவைத் தின்றபோதுதான் எனக்குப் புரிந்தது.

மூப்புவேல் தொட்ட பொருளுக்கு வயதேற்றுகிறது, அவ்வளவுதான். பத்து ஆண்டுக்கு ஒரு புளியங்கொட்டை என்று கணக்கு. தொட்ட பொருளுக்குப் பத்து ஆண்டு ஏறினால் ஏந்தியவளுக்கு ஓர் ஆண்டு ஏறும். நங்கை நான்கு கொட்டைகளை வைத்து இரும்புப் பூட்டைத் துருவாக உதிர்த்தாள். இரண்டை வைத்துக் கயிற்றுப் பாலத்தை இற்றுப்போகச் செய்தாள். மதிலடியில் இருந்த மாங்கன்றுக்கு ஒன்றை வைத்து, அது மரமானதும் அதன் மீதேறி உள்ளே குதித்தாள். யாரும் எதையும் அழிக்கவில்லை, யாரும் காத்திருக்கவும் இல்லை. கணக்கு மேசை நடுவில் கொட்டைகளாகக் குவிந்து கிடந்தது.

உள்ளே அவளை மறித்த காவலனுக்குப் பதினாறு வயது என்று நான் சொன்னேன். நங்கையாக ஆடிய தங்கை ஐந்து கொட்டைகளைக் கையில் எடுத்து, சற்று நேரம் உருட்டிக்கொண்டிருந்துவிட்டு, திரும்பக் குவியலிலேயே போட்டுவிட்டாள். பிறகு காவலனிடம் பேச்சுக் கொடுத்தாள். மற்ற இரண்டு ஆயுதங்களும் இப்படி ஒரு தயக்கத்தை எங்கள் மேசைக்குக் கொண்டு வரவே இல்லை. வாள் செய்ததைச் செய்யாததாக்கிவிடுகிறது. ஆழி செய்பவளை யாரும் பார்க்காமல் மறைத்துவிடுகிறது. வேலோ செய்ததைச் செய்ததாகவே விட்டுவிடுகிறது. 2010இல் வந்த சிங்குலாரிட்டி விளையாட்டின் கைக்கருவி பொருளை மூப்பாக்கவும் மறுபடி புதிதாக்கவும் வல்லது. திரும்பப் புதிதாக்க முடியும் என்றால் தங்கை அந்தக் கொட்டைகளை யோசிக்காமல் வைத்திருப்பாள் என்பது என் எண்ணம். ஆகவே வேலுக்கு அந்த ஆற்றலை எத்தனை பேர் கேட்டாலும் தருவதாக இல்லை.

வேலிலும் ஓட்டை இல்லாமல் இல்லை. கல்லரக்கனுக்கு ஆயிரம் ஆண்டு ஏறினாலும் ஒன்றும் ஆகாது. டிராகன்களின் நிலை இன்னும் மோசம்: அவை வயது ஏற ஏற வலிமை பெறுபவை; குட்டி டிராகனைக் குத்தினால் கிழட்டு டிராகன் எதிரே நிற்கும். இதற்கு மாற்று விதி வேண்டும் என்று இருவர் வாதிட்டார்கள், நான் இணங்கவில்லை. மீள்வாளை முற்றிலும் கைவிட மனமில்லாததால், ஒரு மாலைக்கு ஒரு முறை, ஒரே ஒரு சுற்று மட்டும் திரும்பும் சிறு கத்தியாக அதைச் சுருக்கி, கதையில் வேறொருவரிடம் கொடுத்திருக்கிறோம். ஆழியைக் கேட்டவர் இன்னும் கோபத்தில் இருக்கிறார். நங்கையின் தாளில் வயது என்ற கட்டத்தில் 19 அடிக்கப்பட்டு 26 என்று எழுதப்பட்டிருக்கிறது.