கேம்பிளே பதிவு: எந்தக் கருவியில் எது கிடைக்கும், எது கிடைக்காது

கேம்பிளேயை, அதாவது நாம் கேம் ஆடும் காட்சியைப் பதிவு செய்ய எந்தக் கருவி நல்லது என்று யாராவது கேட்டால் போதும், பேச்சு உடனே 4கே, 60 ஃபிரேம், பிட்ரேட் என்று போய்விடும். பெரும்பாலானவர்கள் போன் திரையில் பார்க்கப்போகும் வீடியோவுக்கு அதெல்லாம் கடைசிக் கவலை. இன்றைய கருவிகளில் ஸ்விட்சைத் தவிர எதிலுமே படம் மோசமில்லை. வேறுபாடு தெரிவது இரண்டு இடங்களில்தான். நடந்து முடிந்ததை எவ்வளவு தூரம் பின்னோக்கிப் போய் எடுக்கலாம்? பதிவில் யாருடைய குரலெல்லாம் ஏறும்? வாங்குவதற்கு முன் இந்த இரண்டையும் கேட்டுக்கொண்டால் பாதிப் பணம் மிச்சம்.

பின்னோக்கி எவ்வளவு தூரம்?

ரெக்கார்டை அழுத்திவிட்டு உட்கார்ந்தால் அன்றைக்கு ஒன்றுமே நடக்காது. அழுத்த மறந்த நாளில்தான் எதிரணி நாலு பேரையும் ஒரே ஆளாகச் சாய்த்திருப்போம். இதற்காகத்தான் கன்சோல்கள் பின்னணியில் எப்போதும் பதிவு செய்துகொண்டே, பழையதை அழித்து அழித்து, கடைசிச் சில நிமிடங்களைக் கையில் வைத்திருக்கின்றன. 2013 நவம்பரில் வந்த பிளேஸ்டேஷன் 4, எக்ஸ்பாக்ஸ் ஒன் இரண்டுமே இந்த வசதியோடுதான் வந்தன.

இதில் பிளேஸ்டேஷன் கைதான் ஓங்கியிருக்கிறது. பிளேஸ்டேஷன் 4 தொடக்க அமைப்பிலேயே கடைசி 15 நிமிடத்தைக் கொடுத்தது. அமைப்பை மாற்றினால் ஒரு மணி நேரம் வரை போகலாம். ஆனால் அதில் ஒரு பொறி உண்டு. ஷேர் பட்டனை இருமுறை தட்டினால் புதிய பதிவு தொடங்கும், அதுவரை சேர்ந்திருந்தது காணாமல் போகும். சாதனை செய்த மகிழ்ச்சியில் விரல் ஒருமுறைக்கு இருமுறை தட்டிவிட்டால் அவ்வளவுதான், எடுக்க நினைத்ததே அழிந்துவிடும். பிளேஸ்டேஷன் 5-இல் இதைத் தலைகீழாக்கிவிட்டார்கள். கிரியேட் பட்டனை இருமுறை தட்டினால், வாங்கியபடியே உள்ள அமைப்பில், சற்றுமுன் ஆடியது சேமிக்கப்படும். பழைய கன்சோலிலிருந்து மாறுகிறவர்கள் கொஞ்ச நாள் பயந்து பயந்து தட்டுவார்கள், பயப்பட வேண்டாம். பின்னோக்கி 60 நிமிடம் வரை எடுக்கலாம். கோப்பு வகையை மட்டும் எம்பி4 என்று வைத்துக்கொள்ளுங்கள். வெப்எம் என்று வைத்தால், அதை எடிட்டிங் மென்பொருளுக்குள் கொண்டுவருவதே தனி வேலையாகிவிடும்.

எக்ஸ்பாக்ஸில் பின்னோக்கிப் போவது அதிகபட்சம் 3 நிமிடம். தரத்தை ஏற்றினால் அதுவும் சுருங்கும். முன்கூட்டியே பதிவைத் தொடங்கினாலும், உள் சேமிப்பகத்தில் 10 நிமிடம் வரைதான். ஒரு மணி நேரம் வேண்டுமென்றால் என்டிஎஃப்எஸ் முறையில் ஃபார்மேட் செய்த யூஎஸ்பி 3.0 வெளி டிரைவ் ஒன்றைச் செருக வேண்டும். கடையில் வாங்கும் பென் டிரைவ்கள் பெரும்பாலும் வேறு முறையில் ஃபார்மேட் ஆகித்தான் வருகின்றன. அதனால் செருகியும் வேலை செய்யவில்லையே என்று புலம்புகிறவர்கள் நிறைய. கணினியில் ஒருமுறை ஃபார்மேட் செய்துவிட்டால் சரி. இன்னொன்று, எக்ஸ்பாக்ஸ் தன் நெட்வொர்க்கில் ஏற்றி வைக்கும் கிளிப்புகளை இப்போது 90 நாளுக்குப் பிறகு நீக்கிவிடுகிறது. அங்கேயே இருக்கட்டும், அப்புறம் எடுத்துக்கொள்ளலாம் என்று விடாதீர்கள்.

நின்டெண்டோ ஸ்விட்ச் 2017 மார்ச்சில் வந்தபோது அதில் வீடியோப் பதிவே கிடையாது. அக்டோபரில் வந்த 4.0.0 அப்டேட்டில்தான் சேர்த்தார்கள். கேப்சர் பட்டனை அழுத்திப் பிடித்தால் கடைசி 30 வினாடி கிடைக்கும், 720பி, 30 ஃபிரேம். அவ்வளவுதான். நீட்டிக்க வழியில்லை, முன்கூட்டித் தொடங்கும் ஏற்பாடும் இல்லை, எல்லா கேமிலும் வேலை செய்யவும் செய்யாது. எடுத்த கிளிப்பைப் போனுக்கு மாற்ற, க்யூஆர் குறியீட்டை ஸ்கேன் செய்து ஒரு நேரத்தில் ஒரு வீடியோ மட்டும் அனுப்பலாம். நண்பருக்கு வாட்ஸப்பில் அனுப்பிச் சிரிக்க இது போதும். சேனல் நடத்தப் போதாது.

போனில் பின்னோக்கி எடுக்கும் வசதி, போனுடனே வரும் ஸ்கிரீன் ரெக்கார்டரில் பொதுவாக இருக்காது. தொடங்கினால்தான் பதிவு.

பிசி இந்த விஷயத்தில் எல்லோருக்கும் அண்ணன். என்விடியா கிராஃபிக்ஸ் கார்டுடன் வரும் ஷேடோபிளேயும், ஏஎம்டியின் ரீலைவும், ஓபிஎஸ் என்ற பதிவு மென்பொருளின் ரீப்ளே பஃபரும் கடைசிச் சில நிமிடங்களைச் சேமித்துக் கொடுக்கும். எவ்வளவு என்று நாமே வைத்துக்கொள்ளலாம். விண்டோஸிலேயே இருக்கும் கேம் பாரில் பின்னணிப் பதிவை ஏற்கெனவே இயக்கி வைத்திருந்தால், விண்டோஸ், ஆல்ட், ஜி மூன்றையும் சேர்த்து அழுத்தினால் சற்றுமுன் நடந்தது கோப்பாகிவிடும். 2024 நவம்பரில், பிசி கேம்களை விற்கும் தளமான ஸ்டீமும் தன் பதிவு வசதியை எல்லோருக்கும் திறந்துவிட்டது. அதற்கு ஆதரவு கொடுக்கும் கேம்களில், முக்கியமான நிகழ்வுகள் டைம்லைனில் குறியாகவே விழுந்துவிடும். இரண்டு மணி நேரத்தைத் துழாவ வேண்டியதில்லை. ஸ்டீம் டெக்கிலும் இது உண்டு. கையடக்கக் கருவி தேடுகிறவர்கள், பதிவு ஒன்றை மட்டும் கணக்கில் எடுத்தால், ஸ்விட்சை விட்டுவிட்டு இதைப் பார்க்கலாம்.

யார் குரல் ஏறும்?

நம்மூரில் கேம் என்றால் பெரும்பாலும் போன்தான், அதிலும் நாலு பேர் சேர்ந்து ஆடும் பிஜிஎம்ஐ போன்றவைதான். வீடியோவின் சுவாரசியமே துப்பாக்கிச் சண்டையில் இல்லை, "மச்சான் பின்னாடி, பின்னாடி!" என்ற கத்தலில்தான் இருக்கிறது. சிக்கல் என்னவென்றால், ஆண்ட்ராய்டு அந்தக் கத்தலைப் பதிவு செய்ய விடுவதில்லை.

திரையைப் பதிவு செய்ய ஆண்ட்ராய்டு 2014-இலேயே, 5.0 பதிப்பில், செயலிகளுக்கு வழி திறந்துவிட்டது. ஆனால் போனுக்குள் ஓடும் ஒலியை நேரடியாக எடுக்கும் அனுமதி 2019-இல் வந்த ஆண்ட்ராய்டு 10-இல்தான் கிடைத்தது. அதுவரை ஸ்பீக்கரில் வருவதை மைக் வழியாகப் பிடிப்பதுதான் வழக்கம். கேமோடு மின்விசிறிச் சத்தமும் குக்கர் விசிலும் சேர்ந்தே வரும். ஆண்ட்ராய்டு 10 கொடுத்த அனுமதியும் பாட்டு, வீடியோ, கேம் ஆகியவற்றின் ஒலிக்கு மட்டும்தான். பேச்சுத் தொடர்பு என்ற வகையில் வரும் ஒலி அதில் சேராது. யாருக்கும் தெரியாமல் அழைப்புகளைப் பதிவு செய்யக் கூடாது என்ற நோக்கில் பார்த்தால் நியாயமான கட்டுப்பாடு. கேம் ஆடுகிறவனுக்குத்தான் இடி. வாய்ஸ் சாட்டை கேம் அந்த வகையில் அனுப்பினால் நண்பர்கள் குரல் கோப்பில் இருக்காது. கேம் மைக்கைப் பிடித்துக்கொண்டிருக்கும்போது ரெக்கார்டருக்கு மைக்கிலிருந்து வெறும் மௌனம் போகவும் வாய்ப்பு உண்டு. ஆக நம் குரலும் சந்தேகம். வெடிச்சத்தம் மட்டும் துல்லியமாக இருக்கும்.

இதற்கு வழி பார்க்கிறவர்கள் செய்வது இதுதான்: ஒவ்வொருவரும் தன் குரலை இன்னொரு போனின் வாய்ஸ் ரெக்கார்டரில் தனியாகப் பதிவு செய்கிறார்கள். ஆட்டம் தொடங்கும்போது "ஒன்று, இரண்டு, மூன்று" சொல்லி எல்லோரும் ஒருமுறை கைதட்டிவிட்டால், எடிட்டிங்கில் அந்தத் தட்டலை வைத்துக் குரல்களை வரிசைப்படுத்திவிடலாம். பழைய போன் வீட்டில் சும்மா கிடந்தால் செலவே இல்லை.

ஐபோனில் 2017-இல் வந்த ஐஓஎஸ் 11 முதலே கன்ட்ரோல் சென்டரில் ரெக்கார்டர் இருக்கிறது. அந்தப் பட்டனை அழுத்திப் பிடித்தால்தான் மைக்கை இயக்கும் தேர்வே தெரியும். வெறுமனே தட்டிவிட்டு, பேசியது எதுவும் பதிவாகவில்லை என்பவர்கள் பலர். எந்தப் போனானாலும் பதிவுக்கு முன் தொந்தரவு வேண்டாம் முறையைப் போட்டுவிடுங்கள். ஓடிபி வந்து திரையில் நின்ற வீடியோவை ஊரறிய ஏற்றுவது நல்லதல்ல. வெயில் காலத்தில் ஆட்டமும் பதிவும் சேர்ந்து போனைச் சூடேற்றும், சூடேறினால் பிராசஸர் வேகத்தைக் குறைத்துக்கொள்ளும், ஃபிரேம் விழும். ரெக்கார்டரின் தரத்தை ஒரு படி இறக்கி வைப்பது நல்லது.

கன்சோல்களில் கதை வேறு. பிளேஸ்டேஷன் 5-இல் உங்கள் மைக் ஒலியைச் சேர்க்கலாம். பார்ட்டியில், அதாவது குழுவாகப் பேசும் சாட்டில், இருப்பவர்கள் அனுமதித்தால் அவர்கள் குரலையும் சேர்க்கலாம். எல்லாம் கேம் ஒலியோடு கலந்து ஒரே ட்ராக்காக வரும். நண்பன் கத்தியதை மட்டும் பிறகு குறைக்க முடியாது. எக்ஸ்பாக்ஸ் கிளிப்பில் பார்ட்டிப் பேச்சு ஏறுவதே இல்லை. பேசிக்கொண்டே ஆடும் வீடியோதான் உங்கள் திட்டம் என்றால், மற்ற எல்லாவற்றிலும் இரண்டும் சமம் என்று வைத்துக்கொண்டாலும், இந்த ஒன்றுக்காகவே பிளேஸ்டேஷன் பக்கம் சாய்வேன்.

ஆனால் ஒலியில் ஓபிஎஸ்ஸை எதுவும் நெருங்காது. 2012-இல் தொடங்கிய இலவச, திறமூல மென்பொருள். ஒரே கோப்பில் ஆறு ஒலி ட்ராக்குகள் வரை வைக்கலாம். கேம் ஒன்றில், நண்பர்களோடு பேசும் டிஸ்கார்ட் செயலி ஒன்றில், உங்கள் மைக் ஒன்றில். நாய் குரைத்த இடத்தில் மைக்கை மட்டும் வெட்டிவிட்டு வெடிச்சத்தத்தை அப்படியே விடலாம். எடிட் செய்து பழகியவர்களுக்கு இது எவ்வளவு பெரிய நிம்மதி என்று சொல்ல வேண்டியதில்லை.

ஓபிஎஸ் பற்றி இன்னும் கொஞ்சம்

இலவசம் என்பதற்காக எளிது என்று நினைத்துவிடாதீர்கள். லேப்டாப்பில் முதல்முறை திறக்கிறவர்கள் பலருக்குக் கறுப்புத் திரைதான் தெரியும். லேப்டாப்பில் இன்டெல்லின் உள் கிராஃபிக்ஸ் ஒன்று, என்விடியா கார்டு ஒன்று என இரண்டு இருக்கும். ஓபிஎஸ் ஒன்றிலும் திரை இன்னொன்றிலும் ஓடினால் ஒன்றையொன்று பார்க்காது. விண்டோஸ் செட்டிங்ஸில் கிராஃபிக்ஸ் பகுதிக்குப் போய், முழுத் திரையை எடுப்பதானால் ஓபிஎஸ்ஸைப் பவர் சேவிங் பக்கமும், கேம் கேப்சர் என்றால் ஹை பெர்ஃபார்மன்ஸ் பக்கமும் மாற்றிப் பாருங்கள்.

அடுத்தது என்கோடர், அதாவது படத்தைச் சுருக்கிக் கோப்பாக்கும் பகுதி. x264 என்று இருந்தால் சிபியுதான் சுமக்கும், ஆட்டம் திணறும். என்விடியா என்றால் என்வென்க், இன்டெல் என்றால் குயிக் சிங்க் என்று மாற்றிவிட்டால் அதற்கென்றே உள்ள சில்லுப் பகுதி வேலையைப் பார்த்துக்கொள்ளும். கோப்பு வகை எம்கேவி. கரண்ட் போனாலோ கணினி தொங்கினாலோ சாதாரண எம்பி4 கோப்பு திறக்கவே திறக்காது. எம்கேவியில் அதுவரை பதிவானது பத்திரமாக இருக்கும். முடிந்ததும் ஓபிஎஸ்ஸிலேயே ரீமக்ஸ் கொடுத்தால் தரம் குறையாமல் எம்பி4 ஆகிவிடும். இடத்துக்கும் கணக்கு பார்த்துக்கொள்ளுங்கள்: நொடிக்கு 20 மெகாபிட் வேகத்தில் பதிவு செய்தால் நிமிடத்துக்கு 150 எம்பி, மணிக்கு 9 ஜிபி. 

இந்தத் தலைவலி வேண்டாம் என்பவர்களுக்கு ஷேடோபிளே போதும். ஒரே குறை, அதுவும் போன் ரெக்கார்டர்களும் ஃபிரேம் வேகத்தை நிலையாக வைப்பதில்லை. நீளமான வீடியோவை எடிட் செய்யும்போது உதடு ஒரு பக்கமும் ஒலி ஒரு பக்கமும் போகும். ஹேண்ட்பிரேக் என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் போட்டு நிலையான ஃபிரேம் வேகத்துக்கு மாற்றிய பிறகு எடிட்டிங்கைத் தொடங்கினால் தீர்ந்தது.

கேப்சர் கார்டு யாருக்கு?

கன்சோலின் எச்டிஎம்ஐ ஒலி, ஒளியை வாங்கிக் கணினிக்குக் கொடுக்கும் பெட்டி இது. முதல் முறை சேனல் தொடங்குகிறவர்கள் முதலில் வாங்க நினைப்பதும் இதைத்தான். பிளேஸ்டேஷன் 5 வைத்திருப்பவர் அவசரப்பட வேண்டியதில்லை. ஸ்விட்சில் நீளமாகப் பதிவு செய்ய வேறு வழியே இல்லை, அவர்கள் வாங்கலாம். ஸ்விட்ச் லைட் என்றால் டிவிக்குப் படம் அனுப்பும் வசதியே கிடையாது, கார்டு வாங்கியும் பயனில்லை. கேம் நிறுவனமே பதிவைத் தடுத்த இடங்களிலும் கார்டு உதவும். 2017-இல் பெர்சோனா 5 என்ற கேம் ஆங்கிலத்தில் வெளியானபோது பிளேஸ்டேஷன் 4-இன் ஷேர் வசதியையே முடக்கி வைத்திருந்தது. கார்டு வைத்திருந்தவர்களை அது தடுக்கவில்லை.

ஆன்லைனில் ஆயிரம் ரூபாய்க்குள் கிடைக்கும் விரல் நீள டாங்கிள்களில் பல, எம்எஸ்2109 என்ற சில்லை வைத்துச் செய்தவை. 4கே என்று அட்டையில் இருக்கும். அது உள்ளே வாங்கும் அளவு. வெளியே கொடுப்பது 1080பி, 30 ஃபிரேம். யூஎஸ்பி முனை நீல நிறத்தில் இருந்தாலும் உள்ளே ஓடுவது 2.0. ஸ்டீரியோ ஒலியை 96 கிலோஹெர்ட்ஸ் மோனோ என்று கணினியிடம் சொல்லிக்கொள்ளும் விசித்திரமும் இதற்கு உண்டு. டிவிக்குப் படத்தை அப்படியே கடத்தும் பாஸ்த்ரூ துளை இதன் எளிய வகைகளில் இல்லை. அது இல்லாமல் ஓபிஎஸ் முன்னோட்டத்தைப் பார்த்து ஆட வேண்டும், பட்டன் அழுத்திச் சற்று நேரம் கழித்துத்தான் திரையில் அசையும். நிதானமாக ஆடும் ரோல் பிளேயிங் கேமுக்குப் பரவாயில்லை. சண்டை கேமுக்கு ஆகவே ஆகாது. எல்கேட்டோ, ஏவர்மீடியா போன்ற நிறுவனங்களின் கார்டுகளில் பாஸ்த்ரூ, 60 ஃபிரேம் எல்லாம் இருக்கும். விலையும் பல மடங்கு.

கார்டைச் செருகியதும் பிளேஸ்டேஷன் 4, 5-இல் படம் வரவில்லை என்றால் கார்டு பழுதில்லை. செட்டிங்ஸில் சிஸ்டம் பகுதிக்குள் எச்டிசிபி என்ற நகல் தடுப்புப் பூட்டு இயங்கிக்கொண்டிருக்கும், அதை அணைக்க வேண்டும். அணைத்திருக்கும்வரை நெட்ஃபிளிக்ஸ் போன்றவை ஓடாது. எக்ஸ்பாக்ஸில் கேம் ஓடும்போது இந்தப் பூட்டு கிடையாது. பழைய பிளேஸ்டேஷன் 3 வைத்திருப்பவர்களுக்குத்தான் கஷ்டம்: அதில் எச்டிஎம்ஐ பூட்டை அணைக்கவே முடியாது. காம்பொனென்ட் கேபிள் செருகும் துளையுள்ள பழைய கார்டு ஒன்றைச் செகண்ட் ஹேண்டில் தேடிப் பிடிக்க வேண்டும். வாங்கும்போது அந்தக் கேபிளும் கூடவே இருக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.