வரையாடு பார்க்க ஒரு பைனாகுலர்: 8×42, பதினாலு மாதம் கழித்து

பொள்ளாச்சியிலிருந்து வால்பாறை போகிற பாதையில் 40 கொண்டை ஊசி வளைவுகள். ஒன்பதாவதில் லோம்ஸ் வியூ. வண்டியை நிறுத்துகிறவர்கள் எல்லோரும் கீழே ஆழியாறு அணையைப் பார்த்துத் திரும்பி நின்று போட்டோ எடுப்பார்கள். நான் அணைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு மேலே பாறையைப் பார்க்கிற ஆள். அங்கே ஒரு வரையாட்டுக் கூட்டம் இருக்கிறது. உயரத்துப் புல்வெளிகளில்தான் இதை அதிகம் பார்க்கலாம். இந்தக் கூட்டமோ அந்த அளவு உயரமில்லாத பாறைச் சரிவில் குடித்தனம் நடத்துகிறது.

முதலில் நான் வாங்கியது 20×50. அதாவது இருபது மடங்கு, முன்கண்ணாடியின் அகலம் 50 மி.மீ. கடைக்காரர் "இருபது மடங்கு சார், பக்கத்துல வந்து நிக்கும்" என்றார். நானும் நம்பினேன். அதைத் தூக்கிக்கொண்டு ஒன்பதாவது வளைவில் நின்ற முதல் காலையிலேயே தெரிந்துவிட்டது. அங்கே காற்று சும்மா இருக்காது. இருபது மடங்கு பெரிதாகத் தெரிந்தால் கை நடுக்கமும் இருபது மடங்கு தெரியும். பாறை மொத்தமும் தண்ணீருக்குள் கிடப்பதுபோல ஆடியது. போதாக்குறைக்கு இருட்டு வேறு. முன்கண்ணாடியின் அகலத்தை மடங்கால் வகுத்தால் கண்ணுக்கு வந்து சேரும் ஒளியின் அகலம் கிடைக்கும். 50ஐ 20ஆல் வகுத்தால் 2.5 மி.மீ. 42ஐ 8ஆல் வகுத்தால் 5.25. விடிகாலை மூட்டத்தில் இந்த வித்தியாசம்தான் ஆடா கல்லா என்பதைத் தீர்மானிக்கும். இந்தக் கணக்கைக் கடையிலேயே போட்டிருக்கலாம். போடவில்லை, அது என் தப்பு.

அப்புறம் வாங்கியதுதான் இந்த 8×42. பதினாலாயிரத்துச் சொச்சம். கம்பெனி பேர் சொல்லப் போவதில்லை, குறைகளும் சொல்லப் போகிறேன் அல்லவா. இந்த விலையில் விற்கிற 8×42 எல்லாம் ஏறக்குறைய ஒரே ஜாடைதான்.

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். 400 மீட்டர் தள்ளி நிற்கிற ஆடு 50 மீட்டரில் நிற்பதுபோல் தெரியும், அது போதும். இதில் பெரிய லாபம் பார்வையின் அகலம். 1,000 மீட்டர் தூரத்தில் 130 மீட்டர் அகலத்துக்குச் சரிவு கண்ணுக்குள் வருகிறது. வரையாட்டின் நிறமும் பாறையின் நிறமும் ஒன்று. கண்ணால் சல்லடை போட்டுத்தான் தேட வேண்டும். சல்லடை பெரிதாக இருந்தால் வேலை சீக்கிரம் முடியும்.

போன வருடம் ஒரு நாள் அரைமணி நேரம் தேடி ஒன்றும் கிடைக்கவில்லை. எஸ்டேட்டில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவர் பஸ்சுக்கு நின்றுகொண்டிருந்தார். "தம்பி, அந்தக் கருப்புத் தண்ணித் தடம் தெரியுதா பாறையில? அதுக்கு ரெண்டு விரக்கடை வலது பக்கம்" என்றார். வெறுங்கண்ணால்! அங்கே திருப்பினால் ஒரு கிழட்டுக் கடா. உடம்பு கருங்காப்பி நிறம், முதுகில் சேணம் போட்டதுபோல நரைத்த வெள்ளித் திட்டு. மேல்நாட்டுக்காரர்கள் அதனால்தான் இதற்குச் சேண முதுகு என்று பேர் வைத்தார்கள். கொம்பு பின்பக்கம் வளைந்து, அடியில் தடித்து, குறுக்கு வரிகளோடு இருந்தது. வரிகளை எண்ண முடிந்தது என்று சொன்னால் பொய். வரிகள் இருப்பது தெரிந்தது. மேலே ஒரு பெட்டை காது விறைத்து நின்றது, அதன் காலடியில் இரண்டு குட்டிகள் செங்குத்துப் பாறையில் ஒன்றை ஒன்று முட்டித் தள்ளி விளையாடின. பார்த்துக்கொண்டிருந்த எனக்கு உள்ளங்கால் கூசியது. பெரியவரிடம் பைனாகுலரை நீட்டினேன். ஒரு நிமிடம் பார்த்துவிட்டு, "கெடாய்க்கு வயசாயிருச்சு" என்று திருப்பிக் கொடுத்தார்.

2024இல் தமிழ்நாடு முழுக்க நடந்த கணக்கெடுப்பில் 1,031 வரையாடுகள், அடுத்த வருடம் 1,303. நம் மாநிலத்தில் நம் மாநில விலங்கு மொத்தமே இவ்வளவுதான். கணக்கெடுத்தவர்களும் கையில் பைனாகுலரோடு மலை மலையாய் நடந்துதான் எண்ணினார்கள். ஒரு மந்தையில் கடா எத்தனை, பெட்டை எத்தனை, குட்டி எத்தனை என்று பிரித்துச் சொல்வது எவ்வளவு சிரமம் என்று இப்போது எனக்குத் தெரியும்.

மூணாறு பக்கம் இரவிகுளம் தேசியப் பூங்காவில் இருக்கிற ராஜமலைக்குப் போகிறவர்கள் இதை வாங்க வேண்டாம். அங்கே ஆடு நடைபாதை ஓரத்திலேயே மேயும், நம்மைச் சட்டை செய்யாது. குட்டி போடுகிற காலம் என்று பிப்ரவரி, மார்ச்சில் பூங்காவை மூடிவிடுவார்கள், அதைப் பார்த்துக்கொண்டு கிளம்புங்கள். ஆனால் எனக்கு அங்கேயும் பைனாகுலர் உதவியது, ஆட்டுக்கு அல்ல, நீலகிரி நெட்டைக்காலிக்கு. புல்லுக்குள் ஓடுகிற ஒரு பழுப்புக் குருவி. வெறுங்கண்ணுக்கு நம் ஊர் வயல் நெட்டைக்காலிபோலவே இருக்கும். நெஞ்சிலும் விலாவிலும் பேனாவால் இழுத்ததுபோல அழுத்தமான கோடுகள் இருந்தால்தான் நீலகிரி நெட்டைக்காலி. மலைப் புல்வெளியை விட்டு இறங்காத பறவை. புல்வெளி சீகைக்கும் (வாட்டில் மரம்) கற்பூர மரத்துக்கும் (யூகலிப்டஸ்) போன இடங்களில் இதுவும் போய்விட்டது. "மரம் நட்டா நல்லதுதானே" என்று என் வீட்டுக்காரி கேட்டாள். அந்தப் புல்வெளி தேடித்தேடிப் பார்த்தால்தான் தெரிகிற ஒரு காடு என்று பஸ்சில் மூணாறு வரை விளக்கிக்கொண்டு வந்தேன். பாதியில் தூங்கிவிட்டாள்.

சரி, குறைகள். வானத்துக்கு எதிரே கிளையில் உட்கார்ந்திருக்கிற கருமந்தியைப் பார்த்தால் அதன் கருப்பு உடம்பைச் சுற்றி ஊதா நிறத்தில் ஒரு விளிம்பு ஓடும். இந்த விலைக் கண்ணாடியில் அது இருக்கும், பழகிக்கொள்ள வேண்டியதுதான். பெட்டியில் 'மூட்டம் பிடிக்காது' என்று போட்டிருந்ததை நான் வேறு விதமாகப் புரிந்துகொண்டேன். உள்ளே நைட்ரஜன் அடைத்திருப்பதால் உள்பக்கம் மூட்டம் கட்டாது, அவ்வளவுதான். நம் மூச்சுக்காற்று பட்டால் கண் வைக்கிற பக்கம் வெள்ளையாகிவிடும். மழைக்காலத்தில் வால்பாறையில் ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை துடைக்க வேண்டும். காட்டன் வேட்டி முனை நன்றாகத் துடைக்கிறது, ஆனால் மணல் ஒட்டியிருந்தால் கண்ணாடி கீறிவிடும். முதலில் ஊதிவிட்டுத் துடையுங்கள்.

எட்டாம் மாதம் வலது கண் ரப்பர் கழன்றது. சர்வீசுக்கு அனுப்பினால் ஐந்து வாரம் கழித்து அதே ரப்பரை பசை போட்டு ஒட்டி அனுப்பினார்கள். இரண்டு வாரம் நின்றது. இப்போது மூக்குக் கண்ணாடி போட்டுக்கொண்டே பார்ப்பதால் ரப்பர் இல்லாமலே ஓடுகிறது. கழுத்துப் பட்டையும் தண்டம். முக்கால் கிலோ கழுத்தை அறுக்கிறது, தோள் வழியாகப் போடுகிற பட்டை தனியாக வாங்கிக்கொள்ளுங்கள்.

முன்மூடி ஒன்று போனதற்குக் கம்பெனி பொறுப்பில்லை. புதுத்தோட்டம் பக்கம் ரோட்டோரம் சோலைமந்திகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மூடி கழன்று கீழே விழுந்தது. நான் குனிவதற்குள் ஒரு குட்டி எடுத்துக் கடித்துப் பார்த்து, முகர்ந்து பார்த்து, மரத்தில் ஏறிவிட்டது. கீழே போடும் போடும் என்று முக்கால் மணி நேரம் நின்றேன். அந்த முக்கால் மணி நேரமும் எட்டு மடங்கில் நன்றாகவே தெரிந்தது. இப்போது அந்தப் பக்கத்துக்குப் பழைய சாக்ஸ் ஒன்றை மாட்டி வைத்திருக்கிறேன்.